பதினேழு ஜோடிச் செருப்பு

பிப்ரவரி 6, வியாழன். கோபிசெட்டிபாளையம்

பெட்டியை மூன்று முறை கட்டிப் பிரித்தாயிற்று. டெல்லி! "டெல்லி நமது நாட்டின் தலைநகரம், அங்கே செங்கோட்டை இருக்கிறது" என்று இத்தனை வருடமாகப் பிள்ளைகளுக்கு இந்தியில் எழுதிப் போட்டுவிட்டு, இன்றைக்குத்தான் அந்தச் செங்கோட்டையைப் பார்க்கக் கிளம்புகிறேன். என் வீட்டுக்காரர் குளிர் ஆகாது என்று வீட்டிலேயே இருந்துகொண்டார். இருக்கட்டும். எனக்கு ஒன்றும் குறைச்சல் இல்லை.

மொத்தம் பதினெட்டுப் பேர். சுற்றுலா நடத்தும் குமரேசன் சமையலுக்கு ராசு அண்ணனையும் ரயிலில் கூட்டிக்கொண்டு வருகிறார். அரிசிம்பருப்புச் சாதம் டெல்லியிலும் கிடைக்கும் என்று சொன்ன பிறகுதான் பாதிப் பேர் பேரே கொடுத்தார்களாம். மூன்று நாள் டெல்லி, வேனில் போய் இறங்கி ஒவ்வொரு இடத்தையும் நடந்தே பார்ப்பது, கூடவே ஒரு கைடு வந்து எல்லாவற்றுக்கும் கதை சொல்வார்.

கலாமணியக்காவும் வருகிறார், வீட்டுக்காரர் சென்னியப்பண்ணனோடு. அவருடைய மூன்று பேரப்பிள்ளைகளும் என்னிடம்தான் இந்தி படிக்கிறார்கள். ஸ்டேஷனுக்குப் போகும் வேனில் ஏறும்போதே ஆரம்பித்துவிட்டார். "எங்களுக்கென்னுங் பயம்? கையோட இந்தி டீச்சரையே கூட்டியாந்துட்டோமுல்ல!"

கோபியில் தமயந்தி என்றால் யாருக்கும் தெரியாது. இந்தி டீச்சர் என்றால் ஆட்டோக்காரர் நேரே என் வீட்டு வாசலில் கொண்டுவந்து இறக்கிவிடுவார். பிராத்மிக்கில் தொடங்கிப் பிரவீண் வரைக்கும் ஒரு பரீட்சை விடாமல் முதல் வகுப்பு. பேசிப் பழக்கம் இல்லை, அது உண்மைதான். கோபியில் யாரோடு போய்ப் பேசுவது?

பிப்ரவரி 7, வெள்ளி. ரயிலில்

நாக்பூர் தாண்டும்போது டீ விற்கிறவர் வந்தார். "டீச்சர், சக்கரை கம்மியாப் போடச் சொல்லுங்" என்றார் கலாமணியக்கா. அந்த நேரம் பார்த்து எனக்குத் தொண்டை கட்டியிருந்தது. பிறகு டீக்காரர் ஏதோ கேட்டார், ரயில் சத்தத்தில் சரியாக விழவில்லை. நான் கண்ணை மூடிக்கொண்டேன். கொஞ்சம் அசதி.

மதியத்துக்கு மேல் குமரேசனுக்குப் போன் வந்தது. ஏற்பாடு செய்திருந்த தமிழ் தெரிந்த கைடுக்குக் காய்ச்சலாம். பதிலுக்கு வேறொருத்தர் வருவார், பெயர் இர்ஃபான், இந்தி மட்டும்தான்.

"கவலையே வேண்டாமுங்! அவரு சொல்லச் சொல்ல நம்ம டீச்சர் தமிழ்ல சொல்லிடுவாங்" என்று குமரேசன் பெட்டி முழுக்கக் கேட்கிற மாதிரி சொன்னார். எல்லாரும் கை தட்டினார்கள். போனிலேயே மொழிபெயர்க்கிற வசதி இருக்கிறதே என்று நான் மெல்லச் சொல்லிப் பார்த்தேன். கலாமணியக்கா விடவில்லை. "டீச்சர் குத்துக்கல்லாட்ட உக்காந்திருக்கறப்ப மிசினு எதுக்குங்?"

சாப்பாடு இறங்கவில்லை. ரயில் ஆட்டம்தான் காரணம்.

பிப்ரவரி 8, சனி. டெல்லி, கரோல் பாக்

வந்து சேர்ந்தோம்! இறங்கியதிலிருந்து என் காதைச் சுற்றி ஒரே இந்தி.

பிப்ரவரி 9, ஞாயிறு

செங்கோட்டையைப் பார்த்துவிட்டேன்! லாகூர் வாசல் முன்னால் நின்று அண்ணாந்து பார்த்தபோது எனக்கு அழுகையே வந்துவிட்டது. அவ்வளவு சிவப்பு, அவ்வளவு உயரம். கரும்பலகையில் நான் வரைந்து காட்டுகிற செங்கோட்டையைப் பார்த்தால் இனி எனக்கே சிரிப்பு வரும்.

இர்ஃபான் ஒல்லியான மனிதர். கழுத்தில் மஃப்ளர், கையில் ஒரு குடை, முகத்தில் எப்போதும் சிரிப்பு. ஆனால் வாயைத் திறந்தால் எக்ஸ்பிரஸ் வண்டிதான், எந்த ஸ்டேஷனிலும் நிற்பதில்லை. கோட்டைக்குள் நுழைந்ததும் கூரை போட்ட ஒரு கடைவீதி வருகிறது. அங்கே நிறுத்தி, குடையை நீட்டி நீட்டி, மூச்சு விடாமல் பேசினார். பேசி முடித்து என்னைப் பார்த்தார். பதினேழு பேரும் என்னைப் பார்த்தார்கள்.

சாரம் எனக்குப் பிடிபட்டது. ஷாஜகான், பஜார், பேகம் என்ற மூன்றும் தெளிவாக விழுந்தன. மீதியைக் கொஞ்சம் விரித்துச் சொன்னேன். பாதுஷாவின் மகள் ஒருத்தி மாறுவேடத்தில் இங்கே வளையல் வாங்க வந்தாள், வளையல்காரன் அவள் கையைத் தொட்டதுமே இது அரண்மனைக் கை என்று கண்டுகொண்டான், பயத்தில் கை நடுங்கி எல்லா வளையலையும் கீழே போட்டு உடைத்தான், அவளோ உடைந்த துண்டுக்கும் சேர்த்து விலை கொடுத்துவிட்டுப் போனாள் என்று சொன்னேன்.

"அடக் கெரகமே, எப்பேர்ப்பட்ட மனசு!" என்று கலாமணியக்கா மூக்கை உறிஞ்சினார். அப்படியே அங்கிருந்த கடையில் ஒரு டஜன் கண்ணாடி வளையல் வாங்கி மாட்டிக்கொண்டார்.

எனக்கு ஒரு வேகம் பிறந்துவிட்டது. அரசவை மண்டபத்தில் ஒரு கதை, தண்ணீர் ஓடிய வாய்க்கால் பக்கத்தில் ஒரு கதை. நான் சொல்லச் சொல்ல எங்கள் கூட்டம் சிரிக்கிறது, 'உச்' கொட்டுகிறது. வேறு ஊர்க்காரர்களெல்லாம் நின்று வேடிக்கை பார்க்கிறார்கள். இர்ஃபானுக்கும் ஒரே சந்தோஷம், தன் பேச்சுக்குத்தான் இவ்வளவு வரவேற்பு என்று.

ஓரிடத்தில் கலாமணியக்கா என் முழங்கையைச் சுரண்டினார். "ஏனுங் டீச்சர், அவரு இத்துனூண்டு பேசுனாரு, நீங்க இவ்வளவு சொல்றீங்?"

"இந்தி சுருக்கமான மொழிங்க்கா."

அடுத்த இடத்தில் இர்ஃபான் நெடுநேரம் பேசினார், எனக்கு இரண்டு வரிக்கு மேல் தோன்றவில்லை. கலாமணியக்கா மறுபடியும் திரும்பிப் பார்த்தார். "தமிழும் சுருக்கமான மொழிதானுங்க்கா" என்றேன்.

ராத்திரிச் சாப்பாட்டின்போது என்னைச் சுற்றித்தான் கூட்டம். நாளைக்கு என்ன கதை டீச்சர் என்று கேட்கிறார்கள். இவ்வளவு மரியாதை எனக்குக் கோபியில்கூடக் கிடைத்ததில்லை. நான் ஒன்றும் பெரிய தப்புச் செய்துவிடவில்லை. ஷாஜகானுக்கு மகள் இருந்தாளா இல்லையா? இருந்தாள். வளையல் போட்டிருப்பாளா மாட்டாளா?

பிப்ரவரி 10, திங்கள்

எல்லாவற்றையும் ஒழுங்காக எழுதிவிடுகிறேன்.

இன்றைக்கு ஜும்மா மசூதி. தெற்கு வாசல் படிக்கட்டு ஏறி மேலே போனதும் இர்ஃபான் தன் ஷூவைக் கழற்றினார். கழற்றிக்கொண்டே எங்களிடம் ஏதோ சொன்னார். செருப்பு என்ற சொல் எனக்குப் புரிந்தது. வாசல் என்ற சொல்லும் புரிந்தது. மீதியை நானே முடித்துக்கொண்டேன். கோயிலில் என்ன செய்வோம்? அதைத்தான் சொன்னேன். "எல்லாரும் செருப்பை இந்த வாசல்லயே வரிசையா விட்டுட்டு வாங்க, திரும்பி வர்றப்ப போட்டுக்கலாம்."

பதினெட்டு ஜோடியையும் விட்டுவிட்டு உள்ளே போனோம். என்ன முற்றம் அது! எங்கள் ஊர்த் தேர்க்கூட்டம் மொத்தமும் ஒரு மூலையில் அடங்கிவிடும். புறா எழும்பினால் வெயிலே ஒரு நிமிஷம் மறைகிறது. நான் அங்கேயும் ஒரு கதை விட்டேன், அது இப்போது எதற்கு.

இர்ஃபான் எங்களை அந்தக் கோடி வழியாக, வடக்கு வாசலில் வெளியே கூட்டிப்போனார். படியிறங்கி நின்று, கையிலிருந்த பையிலிருந்து ஷூவை எடுத்து மாட்டினார். நிமிர்ந்து பார்த்தார். வெறுங்காலோடு ஒரு கூட்டம் அவரைப் பார்த்துக்கொண்டு நிற்கிறது. தலையில் கை வைத்துக்கொண்டார். சரி, திரும்பி உள்ளே போய் எடுத்து வரலாம் என்றால் தொழுகை நேரம், வெளியாட்களை விடமாட்டார்கள். எனக்கு அப்போதுதான் விளங்கியது. செருப்பைக் கையில் எடுத்துக்கொள்ளுங்கள், வேறு வாசலில் வெளியே போகிறோம் என்றுதான் அவர் சொல்லியிருக்கிறார்.

"ஐயோ, எங்கூட்டுக்காரரக் காணோமுங்!"

கலாமணியக்காவின் சத்தம். சென்னியப்பண்ணன் கூட்டத்தில் இல்லை. மனிதருக்குத் தமிழிலேயே நாலு வார்த்தைதான் வரும். தொலைத்துவிடுவார் என்று அவருடைய போனையும் அக்காவே பையில் வைத்திருக்கிறார். தங்கியிருக்கும் ஓட்டல் பெயரும் அவருக்குத் தெரியாது. செருப்பை விட்ட வாசலுக்குத்தானே மனிதர் திரும்பிப் போவார்? நான் சொன்ன சொல்லை நம்பித்தான் போயிருக்கிறார்.

இர்ஃபான் ஒரு பக்கம் ஓடினார், குமரேசன் ஒரு பக்கம். நானும் கலாமணியக்காவும் மசூதியை வெளியே சுற்றிக்கொண்டு தெற்கு வாசலுக்கு ஓடினோம், வெறுங்காலோடு, சைக்கிள் ரிக்ஷாவுக்கும் கைவண்டிக்கும் நடுவே. போய்ப் பார்த்தால் செருப்பும் இல்லை, ஆளும் இல்லை.

"டீச்சர், கேளுங்! யாரையாச்சும் கேளுங்! உங்களுக்குத்தான் தெரியுமே!" அக்கா என் தோளைப் பிடித்து உலுக்கினார்.

கேட்டால் என் குட்டு வெளிப்பட்டுவிடும். கேட்காவிட்டால் அந்த மனிதரை எங்கே போய்த் தேடுவது? வாழ்நாளில் முதல் முறையாக, இந்தி பேசுகிற ஒருத்தரிடம் இந்தி பேச வாயைத் திறந்தேன். படி ஓரம் ஒரு ரிக்ஷாக்காரர் உட்கார்ந்திருந்தார். எனக்குத் தெரிந்தது பரீட்சைக் கட்டுரை இந்திதான். "மாண்புமிகு மகோதயரே, தென் திசையிலிருந்து வருகை புரிந்த முதிய புருஷர் ஒருவரைத் தாங்கள் காண நேர்ந்ததா?" என்கிற பாணியில் கேட்டேன். அந்த ஆள் திகைத்து எழுந்து நின்றார். இரண்டு கையையும் கூப்பிக்கொண்டு, சிரிப்பை அடக்கிக்கொண்டு, கடகடவென்று என்னமோ சொன்னார்.

ஒன்றும் புரியவில்லை.

அப்போது என் வாயிலிருந்து ஒரு வாக்கியம் தானாக வந்தது. "எனக்குப் புரியவில்லை, மெதுவாகச் சொல்லுங்கள்." இத்தனை வருடத்தில் இந்த ஒரு வாக்கியத்தை நான் எந்தப் பிள்ளைக்கும் சொல்லிக் கொடுத்ததில்லை.

அவர் மெதுவாகச் சொன்னார். சிறுபிள்ளைக்குச் சொல்வதுபோல, கையைக் காட்டிச் சொன்னார். வெள்ளை வேட்டி. பெரிய மூட்டை. மூட்டைக்குள் செருப்பு. அந்தச் சந்து.

புரிந்தது! அத்தனையும் புரிந்தது! "அக்கா, அந்தச் சந்துல போயிருக்காருங்க்கா!" என்று கத்தினேன். அப்புறம் எனக்குக் கூச்சமே போய்விட்டது. கபாப் கடையில் கேட்டேன், அத்தர் கடையில் கேட்டேன், ஆட்டைப் பிடித்துக்கொண்டு நின்ற ஒரு பெரியவரிடம் கேட்டேன். என் இந்தியைக் கேட்டு எல்லாரும் சிரித்தார்கள். ராமாயண நாடகத்து ராணி மாதிரி பேசுகிறீர்கள் அம்மா என்றார் ஒருத்தர், அதுவும் எனக்குப் புரிந்தது! செருப்பு மூட்டையோடு போன வேட்டிக்காரரைப் பார்க்காத ஆளே அந்த வீதியில் இல்லை. எல்லாரும் அந்தப் பக்கம், அந்தப் பக்கம் என்று கைகாட்டினார்கள்.

ரஜாய் என்கிற பஞ்சுப் போர்வை தைக்கிற கடை வாசலில் ஒரு சின்னக் கூட்டம். நடுவில் சென்னியப்பண்ணன். குளிருக்குப் போர்த்தியிருந்த போர்வையைத் தரையில் விரித்து, தன் காலில் போட்டிருந்தது போக மீதிப் பதினேழு ஜோடிச் செருப்பையும் ஜோடி பிசகாமல் வரிசையாக அடுக்கி வைத்துக்கொண்டு நிற்கிறார். அந்த வழியாக நாங்கள் வந்தால் செருப்பைப் பார்த்து அடையாளம் கண்டுகொள்வோம் என்று மனிதர் கணக்குப் போட்டிருக்கிறார். ஊர்க்காரர்கள் பழைய செருப்பு வியாபாரம் என்று நினைத்துவிட்டார்கள். பர்தா போட்ட ஒரு அம்மா கலாமணியக்காவின் செருப்பில் ஒரு காலை விட்டுப் பார்த்துக்கொண்டே விரலால் பேரம் பேசுகிறார். இவர் கையைக் கூப்பிக்கொண்டு, "இல்லீங், இல்லீங், இது எங்காளுங்களோடதுங்" என்று அழாக்குறையாகத் தலையை ஆட்டுகிறார்.

"ஏனுங், உங்களுக்கு அறிவிருக்குதா! செருப்பு போனாப் போச்சாதுன்னு நின்ன எடத்துல நிக்காம!" என்று அக்கா அவர் மார்பில் இரண்டு குத்து விட்டுவிட்டு, அங்கேயே உட்கார்ந்து ஓவென்று அழுதார்.

"தொழுகை ஆரம்பிச்சதும் அக்கட்ட போகச் சொல்லிக் கையக் காட்டுனாங்" என்றார் அவர். "அத்தன பேரு செருப்பையும் அப்புடியே உட்டுப்போட்டு வர முடியுமா?"

நான் அந்த அம்மாவிடம் போய், சகோதரி, இவை விற்பனைக்கு அல்ல, நாங்கள் வழிப்பயணிகள் என்று சொன்னேன். அவர் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். சிரித்து முடித்து, மெதுவாக, சரி, ஆனாலும் என்ன விலை என்று கேட்டார். நானும் சிரித்துவிட்டேன்.

திரும்பி வந்ததும் குமரேசன் எல்லாரையும் கூட்டி, "டீச்சர் மட்டும் இல்லீன்னா இன்னைக்கு நம்ம கதி என்னாயிருக்கும்!" என்றார். கலாமணியக்கா என் இரண்டு கையையும் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். "கோபிக்குப் போனதும் ஊரெல்லாம் சொல்லுவனுங். எங்க டீச்சரு இந்தியில பேசுனா டெல்லியே எந்திரிச்சு நிக்குதுன்னு."

இர்ஃபான் மட்டும் தனியாக என் பக்கத்தில் வந்தார். மெதுவாகத்தான் கேட்டார். "செருப்பைக் கையில் எடுத்துக்கொள்ளுங்கள் என்றுதானே நான் சொன்னேன்?" ஒரு சொல் விடாமல் புரிந்தது. என் தவறு என்று இந்தியில் சொன்னேன். அவர் சிரித்துவிட்டுப் போய்விட்டார்.

மற்றவர்களுக்கு யாரும் எதுவும் சொல்லவில்லை. சொல்ல வேண்டிய ஆள் நான்தான். சொன்னால் ஊரில் இந்தி டீச்சர் என்ற பெயர் என்ன ஆகும், பிள்ளைகளை யார் அனுப்புவார்கள்? சொல்லாவிட்டால் யாருக்கும் தெரியப் போவதில்லை. அந்த அக்கா என் கையைக் கண்ணில் ஒற்றிக்கொண்டதுதான் தாங்கவில்லை. என்னால் தொலைந்த மனிதரை நானே தேடிக் கொடுத்துவிட்டுக் கும்பிடு வாங்கியிருக்கிறேன்.

பிப்ரவரி 11, செவ்வாய்

காலையில் ராசு அண்ணன் உப்புமா பரிமாறிக்கொண்டிருக்கும்போதே எழுந்து நின்று சொல்லிவிட்டேன். உட்கார்ந்து சொன்னால் பாதியில் நிறுத்திவிடுவேனோ என்று பயம்.

செருப்பை விடச் சொன்னது இர்ஃபான் இல்லை, நான்தான் என்றேன். அவர் பேசியதில் முக்கால்வாசி எனக்குப் புரியவேயில்லை என்றேன். செங்கோட்டையில் சொன்னது, மசூதியில் சொன்னது, எல்லாம் நானே கட்டியது என்றேன். "நேத்து சந்துல பேசுனது மட்டுந்தான் நான் பேசுன நெசமான இந்தி."

கலாமணியக்கா தன் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "அப்ப அந்த வளையல்காரன்?"

"அப்படி ஒருத்தன் இல்லீங்க்கா."

"உடஞ்சதுக்கும் சேத்துக் காசு குடுத்தாளே, அவ?"

"அதுவும் நான் சொன்னதுதானுங்க்கா."

அதுதான் அவருக்கு ஆறவில்லை. புருஷன் தொலைந்ததைக்கூட மன்னித்திருப்பார் போலிருக்கிறது. "எம் பேரப் பசங்க மூணு பேரையும் உங்ககிட்டத்தான் உட்டு வெச்சிருக்கறனுங்" என்று சொல்லிவிட்டுத் தட்டை எடுத்துக்கொண்டு எழுந்து போய்விட்டார். வேனில் எனக்குப் பின் சீட்டில் உட்கார்ந்து ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். சென்னியப்பண்ணன் மட்டும் என் தோளைத் தட்டி, ஒரு பொரிகடலைப் பொட்டலத்தை நீட்டினார். அழுகையை அடக்கிக்கொண்டு தின்றேன்.

இன்றைக்குப் பார்க்கப் போனது ஹுமாயூன் கல்லறை. வாசலில் இறங்கியதும் கலாமணியக்கா என் முன்னால் வந்து நின்றார். "நெசமான்னு கேக்கறதுக்கு இந்தியில என்னுங்?"

"சச்."

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதானுங்க்கா."

சச், சச் என்று முணுமுணுத்துக்கொண்டே போனார்.

நான் இர்ஃபானிடம் போய், ஒவ்வொரு வாக்கியமாக, நிறுத்தி நிறுத்திச் சொல்லுங்கள், புரியாவிட்டால் மறுபடி கேட்பேன் என்று சொன்னேன். அவர் குடையை மடக்கிக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, பிள்ளைக்குச் சோறு ஊட்டுகிற மாதிரி ஒவ்வொரு வாயாகக் கொடுத்தார். இரண்டு வாசல் தாண்டி உள்ளே போனோம். தோட்டத்துக்கு நடுவில், உயரமான மேடை மேல், சிவப்புக் கல்லும் வெள்ளைக் கல்லுமாக எழுந்து நிற்கிறது அது. இர்ஃபான் ஒரு வாக்கியம் சொன்னார். எனக்கே சந்தேகமாகிவிட்டது. மறுபடி கேட்டேன். மறுபடியும் அதையேதான் சொன்னார்.

"இது ஹுமாயூன் பாதுஷாவோட கல்லறைங்க. அவரு செத்துப்போனதுக்கு அப்புறம் அவரோட சம்சாரம் பேகம் முன்னால நின்னு கட்ட வெச்சது. தாஜ்மகாலுக்கெல்லாம் ரொம்ப முந்தி."

"பொண்டாட்டி புருசனுக்குக் கட்டுனதா?" கலாமணியக்கா இடுப்பில் கை வைத்தார். "டீச்சர், மறுக்காவும் ஆரம்பிச்சுட்டீங்களா?"

"இல்லீங்க்கா. அவரு சொன்னதைத்தான் சொன்னேன்."

அவர் என்னைத் தாண்டிக்கொண்டு நேரே இர்ஃபானிடம் போனார். முகத்துக்கு நேரே விரலை நீட்டி, பிசிறில்லாமல் கேட்டார்.

"சச்?"

நான் கேட்டது சரிதானா? புரிந்தது சரிதானா? இர்ஃபான் கலாமணியக்காவைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், குடையை இடது கைக்கு மாற்றிக்கொண்டு வலது கையை நெஞ்சில் வைத்தார்.

"சச்."

கலாமணியக்கா கொஞ்ச நேரம் அந்தக் கும்மட்டத்தையே அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு திரும்பித் தேடினார். சென்னியப்பண்ணன் ஒரு மரத்தடியில் தனியாக நின்று வாய்க்கால் தண்ணீரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஏனுங், அங்க என்னுங் பண்றீங்? இக்கட்ட வாங். எம்பக்கத்துலயே நில்லுங்."

அவர் வந்ததும் மணிக்கட்டைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார். வளையல் கையோடுதான். பிறகு என் பக்கம் திரும்பினார்.

"இதையெல்லாம் எம் பசங்களுக்குச் சொல்லிக் குடுப்பீங்களா? புத்தகத்துல இருக்கறத இல்லீங், இந்த மாதிரி மனுசங்க வாயால பேசறத?"

"எனக்கே இப்பத்தானுங்க்கா புரிய ஆரம்பிச்சிருக்குது."

"அப்பறம் என்ன நின்னுக்கிட்டு? அவரு காத்துக்கிட்டிருக்காரு பாருங். அடுத்தது என்னன்னு கேளுங்."

கேட்டேன்.